மூன்று சென்டிமீட்டரில் நழுவிய மூன்றாவது தங்கம்! யார் இந்த ஆடம் பீட்டி?

[திரையில்: ஃபைனலின் கடைசி 5 மீட்டர், ஸ்லோ மோஷனில்]

59.03. 59.05. முதல் எண் தங்கம், இரண்டாவது எண் வெள்ளி. நடுவில் இருக்கும் அந்த 0.02 விநாடியைத் தூரமாக மாற்றினால் மூன்று சென்டிமீட்டர் சொச்சம் வரும். 2024 பாரிஸ் ஒலிம்பிக், ஆண்கள் 100 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக், அதாவது தவளை மாதிரி நீந்தும் நீச்சல். அந்த மூன்று சென்டிமீட்டர் கிடைத்திருந்தால், ஒரே நீச்சல் பந்தயத்தை மூன்று ஒலிம்பிக்கில் வரிசையாக ஜெயித்த ஆண் என்று மைக்கேல் ஃபெல்ப்ஸுக்குப் பக்கத்தில் இன்னொரு பெயர் ஏறியிருக்கும். பிரிட்டன்காரர் ஆடம் பீட்டி. சின்ன வயதில் குளியல் தொட்டியில் உட்காரவே அலறியவர். தண்ணீர் போகும் ஓட்டை வழியாகச் சுறா வரும் என்று அண்ணன்கள் கிளப்பிவிட்ட கதைதான் காரணம். அண்ணன்கள் எல்லா ஊரிலும் ஒரே மாதிரிதான் போல!

பின்னணியைச் சட்டென்று முடித்துவிடலாம். பிறந்தது 1994, வளர்ந்தது யூட்டாக்ஸிட்டர் என்ற சின்ன ஊர். டார்பி கிளப்பில் பயிற்சியாளர் மெல் மார்ஷல், பையன் ஃப்ரீஸ்டைல் நீந்துவதைப் பார்த்துவிட்டு மெதுவாக நீந்துகிறவர்களோடு சேர்த்துவிட்டார். அப்புறம் பிரெஸ்ட் ஸ்ட்ரோக் நீந்தச் சொன்னார், ஆடிப்போய்விட்டார். 2012இல் பீட்டி நண்பர்களோடு குடிக்கக் கிளம்பிக்கொண்டிருந்த நேரத்தில், தன்னோடு போட்டியிட்ட பையன் ஒருவன் லண்டன் ஒலிம்பிக் அரையிறுதிக்குப் போனது தெரியவந்தது. சுருக்கென்று தைத்தது, அன்றிலிருந்து முழுமூச்சாக இறங்கினார். அவ்வளவுதான் பின்னணி.

சரி, பிரெஸ்ட் ஸ்ட்ரோக்கில் அப்படி என்ன கஷ்டம்? நான்கு நீச்சல் வகைகளில் இதுதான் மெதுவானது. மற்ற மூன்றிலும் கை தண்ணீருக்கு வெளியே பறந்து முன்னால் வரும். இதில் தண்ணீருக்குள்ளேயே அதைத் தள்ளிக்கொண்டுதான் முன்னால் கொண்டுவர வேண்டும். உதைப்பதற்காக முழங்காலை மடக்கும்போது தொடை தண்ணீரை எதிர்த்து நிற்கும், வேகம் விழுந்துவிடும், அடுத்த உதையில் மறுபடி எழும்ப வேண்டும். ஒவ்வொரு தடவையும் பிரேக்கை அழுத்திவிட்டு ஆக்சிலரேட்டரை மிதிக்கிற கதை. வேகமான வகையான ஃப்ரீஸ்டைலில், 100 மீட்டருக்குச் சீனாவின் பான் ஜான்லே பாரிஸில் வைத்த உலக சாதனை 46.40. பிரெஸ்ட் ஸ்ட்ரோக்கில் பீட்டியின் சிறந்த நேரம் 56.88. இரண்டு பேரையும் பக்கத்துப் பக்கத்தில் நீந்தவிட்டால், பான் சுவரைத் தொடும்போது பீட்டிக்கு இன்னும் 18 மீட்டர் பாக்கி இருக்கும்.

இப்போது நான் இந்த வீடியோ எடுத்ததற்கே காரணமான இடத்துக்கு வருகிறேன். லைக்கை அப்புறம் போடுங்கள், முதலில் இந்த எண்களைப் பாருங்கள்.

[திரையில்: 57.92 — 2015]

2015 ஏப்ரலில் பீட்டி 100 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக்கை 57.92 விநாடியில் நீந்தினார். மனித வரலாற்றில் 58 விநாடிக்குக் கீழே போன முதல் ஆள். சரி, கதவு திறந்துவிட்டது, ஆளாளுக்கு உள்ளே வருவார்கள் என்றுதானே நினைப்போம்? யாரும் வரவில்லை. அடுத்த வருடம் ரியோ ஒலிம்பிக் ஃபைனலில் 57.13, தங்கம். இரண்டாவது வந்த கேமரன் வான் டெர் பர்க் 58.69. இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் இடைவெளி 0.18 விநாடி, முதலுக்கும் இரண்டாவதுக்கும் 1.56! பிரிட்டனின் ஆண்களுக்கு அதற்கு முன் நீச்சலில் தங்கம் கிடைத்தது 1988 சியோலில், அதுவும் இதே பந்தயம்தான். ஏட்ரியன் மூர்ஹவுஸ் அன்று 0.01 விநாடியில் ஜெயித்தார். 28 வருடம் கழித்து வந்தவர் இரண்டரை மீட்டர் இடைவெளியில் ஜெயிக்கிறார்.

அதோடு நிற்கவில்லை. போட்டிக்கு ஆளே இல்லாததால் பீட்டியும் மார்ஷலும் தாங்களே ஒரு எதிரியை உருவாக்கிக்கொண்டார்கள். பெயர் 'புராஜெக்ட் 56'. அதாவது 57க்கும் கீழே. 2018இல் கிளாஸ்கோவில் ஐரோப்பிய சாம்பியன்ஷிப், போர்டில் 57.00 என்று வந்தது. 56 என்று வர நூறில் ஒரு பங்கு விநாடிதான் குறை! அதற்கே மனசு உடையும், ஆனால் கூத்து இனிமேல்தான். கடிகாரக் கருவியைத் தப்பாக அமைத்திருக்கிறார்கள், அதனால் நேரத்தில் 0.10 கூட்ட வேண்டும் என்று அறிவித்தார்கள். 57.00 ஆனது 57.10. அப்படியும் உலக சாதனைதான், என்றாலும் அந்த ஆபரேட்டர் அன்று பீட்டி கண்ணில் படாமல் வீடு போய்ச் சேர்ந்திருப்பார் என்று நம்புகிறேன்.

2019, தென்கொரியாவின் குவாங்ஜு, உலக சாம்பியன்ஷிப் அரையிறுதி: 56.88. முடித்துவிட்டார்.

இப்போது கேள்வி. 58க்குக் கீழே போன இரண்டாவது மனிதர் எப்போது வந்தார்? பாஸ் செய்துவிட்டு யோசியுங்கள். நெதர்லாந்தின் ஆர்னோ காமிங்கா, 2021. நேரம் 57.90. பீட்டி ஆறு வருடம் முன்னால் நீந்திய நேரத்தைவிட 0.02தான் குறைவு! மற்றவர்கள் முதல் கதவைத் தேடிக்கொண்டிருந்தபோதே இவர் இரண்டாவது கதவையும் தாண்டிவிட்டார். உசைன் போல்ட்டை எல்லோருக்கும் தெரிகிறது, இவரைத் தெரியவில்லை என்பதில் எனக்குக் கொஞ்சம் கோபமே உண்டு.

டோக்கியோவிலும் தங்கம், ஒலிம்பிக் பட்டத்தைத் தக்கவைத்துக்கொண்ட முதல் பிரிட்டன் நீச்சல் வீரர். அப்புறம் சறுக்கல். 2022இல் பாதத்தில் எலும்பு முறிவு, பர்மிங்ஹாம் காமன்வெல்த்தில் 100 மீட்டரில் நான்காவது இடம். 2023இல் மனநலம் சரியில்லை என்று போட்டியிலிருந்து விலகினார். குடி உட்பட எல்லாவற்றையும் அவரே வெளிப்படையாகப் பேசினார். என் கருத்து இது: எதிரில் ஆள் இருந்தால் அவரை ஜெயித்துவிட்டு நிம்மதியாகத் தூங்கலாம். எதிரில் கடிகாரம் மட்டும்தான் என்றால் எந்த ஜெயமும் போதாது. இவரைத் தின்றது அதுதான்.

அப்படித் திரும்பி வந்தவர்தான் பாரிஸில் நின்றார். ஜெயித்தது ஏழாவது லேனில் நீந்திய இத்தாலியின் நிக்கோலோ மார்டினெங்கி. அமெரிக்காவின் நிக் ஃபிங்கும் அதே 59.05, அதனால் வெள்ளி இரண்டு பேருக்கும். பிரெஸ்ட் ஸ்ட்ரோக்கில் இரண்டு கையும் ஒரே நேரத்தில் சுவரைத் தொட வேண்டும். ஒரு கையை மட்டும் நீட்டித் தப்பிக்க முடியாது. கடைசியில் இன்னொரு வீச்சு போடுவதா, அப்படியே நீண்டு மிதந்து போவதா என்ற முடிவிலேயே இந்த 0.02 போய்விடும். மறுநாள் பரிசோதனையில் பீட்டிக்குக் கோவிட் என்று தெரிந்தது. ஜெயித்த 59.03 என்பது அவருடைய 56.88ஐவிட இரண்டு விநாடிக்கு மேல் மெதுவானது என்பதையும் சேர்த்து நினைத்துப் பாருங்கள். ஜப்பானின் கொசுகே கிட்டாஜிமாவும் 2004, 2008 என்று இதே பந்தயத்தை இரண்டு தடவை ஜெயித்துவிட்டு, மூன்றாவது தடவை லண்டனில் தோற்றவர்தான்.

கதை இன்னும் முடியவில்லை. 2028 லாஸ் ஏஞ்சலஸில் முதல்முறையாக 50 மீட்டர் பிரெஸ்ட் ஸ்ட்ரோக் ஒலிம்பிக்குக்கு வருகிறது. அந்தத் தூரத்தை 26 விநாடிக்குக் கீழே நீந்திய முதல் ஆள் யார்? இவரேதான், 2017 புடாபெஸ்டில் 25.95. லாஸ் ஏஞ்சலஸ்தான் குறி என்று சொல்லியிருக்கிறார், அப்போது வயது 33 இருக்கும். பதக்கம் உண்டு என்பது என் கட்சி. இல்லை என்கிறவர்கள் காரணத்தோடு கமெண்டில் வாருங்கள், சும்மா 'வயசாயிடுச்சு' என்று மட்டும் எழுதினால் பதில் வராது.