வாழைமர நோட்டு செல்லாக் காசான கதை

நேயர்களே, வணக்கம். சப்பான்காரன் காலத்தைப் பற்றி, அதாவது போரில் ஜப்பான் மலாயாவைப் பிடித்து ஆண்ட காலத்தைப் பற்றி, வீட்டுப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருப்பீர்கள். அவன் தோற்றுப் போன பிறகு, மலாயாவில் அரிசி வாங்கக் கையில் என்ன பணம் இருந்தது? இன்று அதைத்தான் பேசப் போகிறேன்.

1945 ஆகஸ்ட் 15-இல் ஜப்பான் சரணடைந்தது. பிரிட்டிஷ் படை சிங்கப்பூருக்கு வந்தது செப்டம்பர் 5-இல். இடையில் மூன்று வாரம். புழக்கத்தில் இருந்ததோ ஜப்பானியர் அச்சடித்த நோட்டு. பத்து வெள்ளி, அதாவது பத்து டாலர், நோட்டில் வாழைமரப் படம் இருக்கும். அதனால் ஒரு வெள்ளியிலிருந்து ஆயிரம் வெள்ளி வரை எல்லாமே ‘வாழைமர நோட்டு’தான்.

அந்த நோட்டைக் கையில் எடுத்தாலே கோளாறு தெரியும். முதலில் வந்தவற்றில் வரிசை எண் இருந்தது. பிறகு வெறும் எழுத்துகள். எண் இல்லையென்றால் எத்தனை அச்சானது என்பதற்குக் கணக்கு ஏது? கள்ள நோட்டைப் பிடிப்பதுதான் எப்படி?

திரும்பி வந்த பிரிட்டிஷ் ராணுவ நிர்வாகம் அது செல்லாது என்று அறிவித்தது. ஒரு காசுகூட மாற்றித் தரவில்லை. மாற்றினால் கள்ளச் சந்தைக்காரர்களுக்கே லாபம் என்ற வாதம் உண்டு. ஆனால் விவரம் தெரிந்தவர்கள் நோட்டை முன்பே நகையாக, வீடாக, நிலமாக மாற்றிவிட்டார்கள். நோட்டோடு நின்றவர்கள் கூலிக்காரர்கள். திரும்பவும் சொல்கிறேன், கூலிக்காரர்கள்தான். போருக்கு முந்தைய, ஜார்ஜ் மன்னர் தலை போட்ட நோட்டை ஒளித்து வைத்திருந்தவர்கள் தப்பித்தார்கள்.

புது நோட்டு வந்தது, உண்மை. அது ராணுவ நிர்வாகம் கொடுத்த சம்பளத்தின் வழியாகத்தான் வெளியே வரும். ரப்பர் தோட்டத்தில் பால்வெட்டு தொடங்காதவரை தோட்டத் தொழிலாளிக்கு அது எங்கிருந்து கிடைக்கும்?

இன்னொரு சிக்கல், கடன். போருக்கு முன் செட்டியார்களிடம் வாங்கிய கடனைப் பலர் வாழைமர நோட்டில் அடைத்திருந்தார்கள். வாங்க மறுப்பதும் அன்று குற்றம். அப்படியானால் கடன் தீர்ந்ததா, இல்லையா? 1948-இல் சட்டம் போட்டு, பணம் கட்டிய தேதியை வைத்து அதன் மதிப்பைக் கணக்கிட வேண்டியதாயிற்று.

அரிசிப் பஞ்சத்தை விரிவாகச் சொல்ல எண்ணியிருந்தேன், நேரம் நெருங்குகிறது. பர்மா, சயாம் அரிசி வரத்து தடைபட்டதால் பங்கீடு போதவில்லை. பி.எம்.ஏ., அதாவது ‘பிரிட்டிஷ் மிலிட்டரி அட்மினிஸ்ட்ரேஷன்’ என்ற அந்த ராணுவ நிர்வாகத்தின் பெயரையே மக்கள் ‘பிளாக் மார்க்கெட் அட்மினிஸ்ட்ரேஷன்’ என்று மாற்றிச் சொன்னார்கள். 1946 ஏப்ரல் முதல் தேதி அது விலகி, குடிமை ஆட்சி வந்தது. வணக்கம்.