கதாநாயகனுக்கு வசனம் எழுதாதவர்

நண்பர்களே, வீடியோ கேமுக்குக் கதை எழுதுவதும் எழுத்துதானா என்று கேட்பவர்கள் உண்டு. எழுத்துதான். அதற்கு நான் காட்டும் சாட்சி, கேம்களுக்குக் கதை எழுதும் யூஜி ஹோரீ.

1954இல் ஜப்பானின் அவாஜி தீவில் பிறந்தவர். வசேதா பல்கலைக்கழகத்தில் படித்தார். மங்கா எனப்படும் ஜப்பானியச் சித்திரக்கதை வரையத்தான் ஆசை, ஆனால் பத்திரிகைகளுக்கு எழுதிக்கொண்டிருந்தார். கேம் வெளியிடும் எனிக்ஸ் நிறுவனம் நடத்திய கணினி நிரல் போட்டிக்கு ஒரு டென்னிஸ் கேமை அனுப்பிப் பரிசு வாங்கிய பிறகு பாதை மாறியது.

1983இல் கோபே நகரில் நடக்கும் ஒரு கொலை வழக்கைக் கேமாக எழுதினார். அதில் துப்பறியும் அதிகாரி நாம். நம் முகம் திரையில் வராது. யாசு என்ற உதவியாளர்தான் நாம் சொல்வதையெல்லாம் செய்து, பார்த்ததை வந்து சொல்வார். கடைசியில் கொலையாளி அந்த யாசுவே! யாருடைய வாய்வழியாகக் கதையைக் கேட்டோமோ, அவரே. நாவலில் படித்தால் அதிர்ச்சி மட்டும்தான். இங்கே அவரை நம்பி வேலை ஏவியது நாம் அல்லவா?

அப்புறம் 1986, டிராகன் குவெஸ்ட். படங்கள் அகிரா தோரியாமா, இசை கோயிச்சி சுகியாமா. முழு விளையாட்டுக்கும் இருந்த இடம் 64 கிலோபைட். இன்று கைபேசியில் எடுக்கும் ஒரு புகைப்படம்கூட அதற்குள் அடங்காது. சீனத்திலிருந்து வந்த கான்ஜி எழுத்துக்கு இடமே இல்லை. உரையாடலுக்கு ஹிராகனா என்ற ஒலியெழுத்து. அரக்கர், ஊர், மந்திரம் ஆகியவற்றின் பெயர்களுக்குக் கதகானா என்ற இன்னொரு ஒலியெழுத்து வரிசையில் ஏறத்தாழ 20 எழுத்துகள்தான். அந்த 20க்குள் அடங்கும்படி பெயர் வைத்தார். 'ஸ்லைம்' என்ற குட்டி அரக்கனின் பெயர் அப்படி அடங்கியதுதான். இன்று ஜப்பானில் அந்தப் பெயரைக் கேள்விப்படாத பிள்ளை அபூர்வம்.

தொடக்கத்தைப் பாருங்கள். அரசரின் அறை, பூட்டிய கதவு. பேச வேண்டும், பெட்டியைத் திறக்க வேண்டும், சாவி எடுக்க வேண்டும், படி இறங்க வேண்டும். வெளியே வருவதற்குள் விளையாடக் கற்றுவிடுகிறோம். பாடம் நடத்தியது தெரியவே தெரியாது.

நான் மிகவும் மதிப்பது வேறொன்று. அவருடைய கதாநாயகன் பேசுவதில்லை. காப்பாற்றப்பட்ட இளவரசி, "உங்களுடன் வரட்டுமா?" என்கிறாள். ஆம், இல்லை, இரண்டுதான் பதில். இல்லை என்றால் "ஐயோ, எவ்வளவு கொடுமை" என்று வருந்தி, ஆம் என்கிறவரை மறுபடி கேட்பாள். அங்கே தேர்வு பெயருக்குத்தான்.

1992இல் வந்த ஐந்தாம் பாகத்தில் அதை நிஜமாக்கினார். பால்ய தோழி பியாங்காவா, செல்வர் மகள் ஃப்ளோராவா, யாரை மணப்பது? நாயகன் வாய் திறக்க மாட்டான், நாம்தான் சொல்ல வேண்டும். ஜப்பானிய ரசிகர்கள் இன்னும் அதைப் பற்றி வாதாடுகிறார்கள். சரி, ஹோரீ அந்த வாதத்தை முடித்து வைத்தாரா? 2008இல் மறுபடி வெளியிட்டபோது, மணமகளாக மூன்றாவது பெண் ஒருத்தியும் வந்து நின்றாள்.