சீட் கிடைத்த நாளுக்கு வெடி வெடித்தோமே, முடித்த நாளுக்கு?

வணக்கம் உறவுகளே. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் காணொளி போடுகிறவன், இன்று புதன்கிழமையே கேமராவின் முன் வந்து உட்கார்ந்திருக்கிறேன் என்றால் அதற்குக் காரணம் என் தங்கை. முந்தாநாள் காலையோடு அவளுடைய ஹவுஸ் சர்ஜன் பயிற்சி முடிந்துவிட்டது. அரசுப் பள்ளி மாணவர்களுக்கு 2020-இல் தமிழ்நாடு அரசு கொண்டுவந்த 7.5 விழுக்காடு உள் ஒதுக்கீட்டின் முதல் அணியில், மதுரை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தவள் அவள். அன்று எங்கள் தெருவே வெடி வெடித்ததையும், முக்கில் ஃபிளெக்ஸ் வைத்ததையும் பழைய காணொளியில் பார்த்திருப்பீர்கள். நான்கரை ஆண்டுப் படிப்பையும் ஓராண்டுப் பயிற்சியையும் முடித்துவிட்டு வந்தால், அதே தெரு "இன்னும் படிக்குதா பாப்பா?" என்று கேட்கிறது. அதை என்னால் பொறுத்துக்கொள்ளவே முடியவில்லை.

ஆகவே மாலை போட்டே தீர்வது என்று விடியற்காலை ஐந்து மணிக்கு மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டுக்குப் போனேன். முதல் நாள் தொலைபேசியில் 1,200 ரூபாய்க்கு ஒத்துக்கொண்ட கடைக்காரர், முகூர்த்த நாள் என்பதால் மல்லி விலை ஏறிவிட்டது என்று 1,800 கேட்டார். சம்பங்கி கலந்து கட்டினால் பழைய விலைக்கே தருவதாகவும் சொன்னார். 2013-இலேயே புவிசார் குறியீடு வாங்கிய மல்லி விளைகிற ஊரில், ஐந்தரை ஆண்டு உழைப்புக்குச் சம்பங்கி மாலையா? நாற்பது நிமிடம் நின்று பேசி, 1,350 ரூபாய்க்கு முழு மல்லி மாலையும் கொசுறாக இரண்டு முழமும் வாங்கிய பிறகுதான் வண்டியை எடுத்தேன்.

ஒன்றைச் சொல்ல மறந்துவிட்டேன். அதற்கு முந்தைய இரவு அம்மா அவளுடைய வெள்ளைக் கோட்டை மூன்றாவது முறையாக ஊறவைத்தார். மருத்துவம், அறுவை, மகப்பேறு, குழந்தைகள் பிரிவு என்று ஒவ்வொன்றாகச் சுற்றிவந்த அந்த ஓராண்டில், வலது கையின் ஓரத்தில் ஏறிய அயோடின் கறை பழுப்பாக அப்படியே நின்றுவிட்டது. அம்மாவுக்கு அதில் வருத்தம். எனக்கோ அந்தக் கோட்டிலேயே மிக அழகான இடம் அதுதான்.

இராசாசி மருத்துவமனை வாசலில், கடைசி இரவுப் பணி முடிந்து சிவந்த கண்களோடு வந்தவள், "அண்ணே, ரோட்டுல வச்சா மாலை போடுவ?" என்று கூச்சப்பட்டாள். போட்டுவிட்டுப் படம் எடுக்கக் கைபேசியைத் தூக்கியபோது அவளுக்கு வார்டிலிருந்து அழைப்பு வந்தது. ஒரு பாட்டியின் இரத்தப் பரிசோதனை முடிவை எந்தக் கோப்பில் வைத்தாள் என்று கேட்டார்கள். கழுத்தில் மாலையோடு, நிதானமாக, அந்தப் பாட்டியின் படுக்கை எண் முதற்கொண்டு சொன்னாள். நான் எடுத்த ஒரே நல்ல படம் அதுதான். முகப்புப் படமாக வைத்திருக்கிறேன்.

இனித் தமிழ்நாடு மருத்துவக் கவுன்சிலில் நிரந்தரப் பதிவு செய்ய வேண்டும். உங்கள் வீட்டிலோ தெருவிலோ இந்த ஆண்டு பயிற்சியை முடித்தவர்கள் இருந்தால், அவர்களுடைய முதற்பெயரையும் ஊரையும் கீழே எழுதுங்கள். வரும் ஞாயிற்றுக்கிழமை ஒன்றுவிடாமல் வாசிக்கிறேன்.