ஒரே படத்துக்கு ஏன் ரெண்டு நீளம்? நேயர் கேள்விக்கு விளக்கம்

அடுத்த கேள்வி. ஒரு நண்பர் கேட்டிருக்காரு: "எழுபதுகள்ல வந்த ஐரோப்பிய 'ஏ' படங்களைத் தேடிட்டிருக்கேன். 'இம்மாரல் டேல்ஸ்' ஒரு இடத்துல 103 நிமிஷம்னு போட்டிருக்கு, இன்னொரு இடத்துல 125. எது முழுப் படம்? சட்டப்படி எங்க பாக்கறது?"

ரெண்டுமே சரிதாங்க. டைரக்டர் வலேரியன் பொரோவ்சிக் போலந்துக்காரர், பிரான்ஸ்ல போய் குடியேறினவர். அனிமேஷன்ல ஆரம்பிச்சவர்ங்கறதால ஒரு சிப்பியை, ஒரு லேஸ் துணியைக் காட்டறதுகூட அவ்வளவு நிதானமா இருக்கும். இதை அஞ்சு கதையாத்தான் யோசிச்சாரு. அதுல ஒண்ணை உருவி, 1975ல 'தி பீஸ்ட்'னு தனிப் படமாவே வளர்த்துட்டாரு. அதனால 1974ல தியேட்டருக்கு வந்தது நாலு கதை. அஞ்சாவதையும் சேர்த்தா 125 நிமிஷம். கத்திரி வச்சது சென்சார் இல்ல, அவரேதான்.

எல்லாப் படத்துக்கும் அந்தக் கொடுப்பினை இல்ல. ஸ்பெயின்ல சர்வாதிகாரி பிராங்கோ ஆட்சியில ஒரே சீனை ரெண்டு தடவை எடுப்பாங்க: உள்ளூருக்கு நடிகை துணியோட, வெளிநாட்டுக்குத் துணி இல்லாம. அந்த ஊர் ஜனங்க பார்டர் தாண்டி பிரான்ஸ்ல பெர்பின்யானுக்குப் போய் தங்க ஊர்ல தடை பண்ணின 'லாஸ்ட் டேங்கோ இன் பாரிஸ்' பாத்துட்டு வந்தாங்க. அதே படத்தோட பிரிண்ட்டை எல்லாம் அழிக்கச் சொல்லி 1976ல இத்தாலி கோர்ட் தீர்ப்பு குடுத்துச்சு. தடை நீங்கினது 1987ல. அதுல நடிச்சப்ப மரியா ஷ்னைடருக்கு 19 வயசு. அவங்களுக்கு செட்ல நடந்த கொடுமையைத் தெரிஞ்சுக்கிட்டு பாருங்க, அதைப் பத்தி தனியா ஒரு வீடியோவே போடணும்.

சரி, எங்க பாக்கறது? ஓடிடியை நம்பாதீங்க. உரிமை நாட்டுக்கு நாடு வேற வேற கைல இருக்கு, இன்னிக்கு இருக்கும், அடுத்த மாசம் காணாமப் போயிடும். யூட்யூப்ல கிடைக்கறது பெரும்பாலும் பழைய கேசட்ல இருந்து ஏத்தினது, ரெண்டு பக்கமும் வெட்டுப்பட்டிருக்கும். டிஸ்க்தான் வழி. பிரிட்டன்ல ஆரோ கம்பெனி 2014ல பொரோவ்சிக் படங்களைச் சுத்தம் பண்ணி வெளியிட்டாங்க. 'இம்மாரல் டேல்ஸ்' டிஸ்க்ல ரெண்டு வடிவமும் இருக்கு. ஸ்பெயின், இத்தாலி சரக்குக்கு செவரின், கல்ட் எபிக்ஸ்ங்கற டிஸ்க் கம்பெனிகளைப் பாருங்க.

பழைய ஐரோப்பிய டிவிடி வாங்கினா 103க்கு பதிலா 99 நிமிஷம்தான் ஓடும். வெட்டிட்டாங்கன்னு சண்டைக்குப் போகாதீங்க. செகண்டுக்கு 24 ஃப்ரேம்ல எடுத்த படத்தை அங்க 25 ஃப்ரேம்ல, கொஞ்சம் வேகமா ஓட்டுவாங்க, அவ்வளவுதான். அப்புறம் ப்ளூரேல எந்த நாட்டு டிஸ்க் எந்த பிளேயர்ல ஓடும்னு ரீஜன் பிரிச்சிருக்காங்க: நம்ம நாடு 'சி' ரீஜன், பிரிட்டன் 'பி'. பிளேயர் ரெண்டையும் எடுக்குமான்னு பாத்துட்டு ஆர்டர் போடுங்க.