ஆச்சியை ஆச்சியாக்கியது குரலே

நடுவர் அவர்களே, மேடை அணி, திரை அணி நண்பர்களே, தாராவியிலிருந்தும் மாட்டுங்காவிலிருந்தும் செம்பூரிலிருந்தும் திரண்டு வந்திருக்கும் மும்பைத் தமிழ்ச் சொந்தங்களே, அனைவருக்கும் வணக்கம்.

ஆச்சி மனோரமாவின் பெருமைக்குப் பெரிதும் காரணம் மேடையா, திரையா, குரலா என்ற தலைப்பில், குரலே என வாதாட வந்திருக்கிறேன்.

பள்ளத்தூரில் வளர்ந்த சிறுமி பன்னிரண்டு வயதில் நாடகத்துக்கு வந்ததையும், பின்னர் எஸ்.எஸ்.ராஜேந்திரனோடு கலைஞரின் 'மணிமகுடம்' நாடகத்தில் நடித்ததையும் மேடை அணித் தலைவர் உணர்ச்சியோடு எடுத்துரைத்தார். அதில் ஒரு சொல்லையும் நான் மறுக்கவில்லை. ஆனால், கொட்டகையின் கடைசி வரிசையில் அமர்ந்திருந்த ரசிகருக்கு அவருடைய கண்ணசைவா தெரிந்திருக்கும்? வசனமும் பாட்டும்தானே அவரிடம் போய்ச் சேர்ந்திருக்கும்!

திரை அணியினர் 1958-இல் வெளிவந்த 'மாலையிட்ட மங்கை'யில் தொடங்கி, ஆயிரம் படங்களைத் தாண்டிய அவருடைய பயணத்தை விரித்துரைத்து, முகபாவமே அவருடைய மூலதனம் என்றார்கள். நான் 1968 என்ற ஒரே ஓர் ஆண்டை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். 'தில்லானா மோகனாம்பாள்' படத்தில் ஜில் ஜில் ரமாமணியாக வந்து, சிக்கல் சண்முகசுந்தரத்திடம் நாயனத்தைப் பற்றி அப்பாவியாகப் பேசுகிறபோது, அந்தக் குரலில் ஒரு குழைவும், பெரிய கலைஞரின் எதிரே நிற்கிற கூச்சமும், மறைக்கத் தெரியாத பாசமும் சேர்ந்தே ஒலிக்கின்றன. அதே ஆண்டில் வந்த 'பொம்மலாட்டம்' படத்தில், வி.குமார் இசையில், "வா வாத்யாரே ஊட்டாண்ட" என்று அவர் பாடியபோது, மன்னார்குடியில் பிறந்து செட்டிநாட்டில் வளர்ந்த ஒருவர் பாடுகிறார் என்று யாரால் சொல்ல முடியும்? சென்னைத் தெருவிலேயே பிறந்து வளர்ந்த பெண்ணின் தெனாவட்டு அதில் இருந்தது. இருபத்தாறு ஆண்டுகள் கழித்து, 1994-இல் 'மே மாதம்' படத்தின் "மெட்ராச சுத்திப் பாக்கப் போறேன்" பாடலுக்கு ஏ.ஆர்.ரகுமானும் அதே குரலைத்தான் நாடினார்.

'சின்ன கவுண்டர்' படத்தில் எடுப்பான பொய்ப்பல் அவருடைய முகத்தோற்றத்தையே மாற்றிவிட்டது. அப்போதும் கொங்குத் தாயாக அவரை நம்மிடம் கொண்டுவந்து நிறுத்தியது அந்தப் பேச்சுதான். நெல்லைத் தமிழ் தாராவியிலும், பாலக்காட்டுத் தமிழ் மாட்டுங்காவிலும் புழங்குகிற இந்த நகரில், வட்டார வழக்கை ஒருவர் பொய்யாகப் பேசினால் நம் காதுக்கு உடனே உறுத்தும் என்பதை அவையோர் நன்கறிவீர்கள்.

"முகமில்லாமல் குரலுக்கு ஏது வாழ்வு?" என்று எதிரணித் தோழி கேட்டார். நம் நகரின் பெயரையே தாங்கி 1995-இல் வந்த 'பம்பாய்' படத்தில், மனிஷா கொய்ராலா நடித்த சைலா பானுவுக்குத் தமிழில் குரல் கொடுத்தவர் நடிகை ரோகிணி. அந்தப் பெண்ணின் அச்சத்தையும் காதலையும் நாம் நம்பினோமே, அதில் ரோகிணிக்குப் பங்கில்லையா? ஒலிப்பதிவுக் கூடத்தில், திரையில் அசையும் இன்னொருவரின் உதடுகளைப் பார்த்தபடி, மூச்சையும் விம்மலையும்கூட அளந்து தருகிற அந்த உழைப்பு முழுமையான நடிப்பு. அதைப் பின்னணிப் பணி என்று ஒதுக்குவது எனக்கு உண்மையிலேயே வேதனையளிக்கிறது.

முகத்தை இரவல் தந்த நடிகைக்கும் குரல் வேண்டியிருந்தது என்பதையும், ஆச்சியின் நாடகங்களை நேரில் பார்த்திராத தலைமுறைகூட அவருடைய பேச்சை இன்றும் அடையாளம் கண்டுகொள்கிறது என்பதையும் கருத்தில்கொண்டு, நடுவர் அவர்கள் எங்கள் அணிக்குத் தீர்ப்பளிக்குமாறு கேட்டு அமர்கிறேன். நன்றி, வணக்கம்.