குண்டு விழுந்த இடத்துக்குக் கடைசியில் போங்கள்

நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

நம் ஊர்க்காரர்களைக் குழுவாக ஜப்பானுக்கு அழைத்துப் போவது என் தொழில். டோக்கியோ, கியோட்டோ, ஹிரோஷிமா எல்லாம் முடித்துக்கொண்டு கியூஷு தீவுக்கு இறங்கும்போது நாகசாகிக்கு மிஞ்சுவது ஒரே ஒரு பகல். அந்தப் பகலை எப்படிச் செலவழிக்கலாம் என்று பேசத்தான் நிலையத்தார் என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள்.

ரயில் நிலையத்தில் இறங்கியதும் பேருந்தில் ஏற்றி நேராக அமைதிப் பூங்காவுக்குக் கொண்டுபோவதுதான் பல சுற்றுலாக்களின் வழக்கம். பெரிய சிலை முன்னால் ஒரு குழுப் படம். அப்புறம் அணுகுண்டு அருங்காட்சியகம். அங்கிருந்து வெளியே வருகிறவர்கள் யாரும் யாருடனும் பேசுவதில்லை. அந்த மனநிலையில் இருப்பவர்களை மதியச் சாப்பாட்டுக்கு உட்காரவைத்து, பிறகு பூந்தோட்டம், கேக் கடை என்று இழுத்துப்போனால் எதுவும் மனசில் ஏறாது. நான் இந்த வரிசையைத் தலைகீழாக வைக்கிறேன். காலையில் துறைமுகம், மதியம் குன்று, பிற்பகலில்தான் குண்டு விழுந்த உரகாமி. நாகசாகிக்கு 1571 முதல் வெளிநாட்டுக் கப்பல்கள் வந்துபோயிருக்கின்றன. குண்டு விழுந்தது 1945இல். நடுவில் இருந்த ஊர் எது என்று தெரியாமல், அழிந்தது எது என்று எப்படிப் புரியும்?

ஒவ்வொரு முறையும் குழுவில் ஒருவராவது கேட்பார். கும்பகோணத்து அம்மா ஒருவர் தெஜிமா வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டார். "ஏம்ப்பா, குண்டு போட்ட இடத்தைக் காட்டுவேன்னு சொன்னியே, இங்கே ஓட்டு வீட்டைக் காட்டிட்டு நிக்கிறியே?" "சாயங்காலம் போறோம்மா, அதுக்கு முன்னாடி இதைப் பார்த்துடுங்க" என்றேன். அரை மனதோடுதான் உள்ளே வந்தார்.

தெஜிமா என்பது விசிறி வடிவத்தில் கடலில் மண்ணைக் கொட்டி உண்டாக்கிய ஒரு செயற்கைத் தீவு. பரப்பு நாலு ஏக்கருக்கும் குறைவு. 1636இல் நாகசாகி வணிகர்களின் பணத்தில் கட்டினார்கள். போர்ச்சுகீசியர்களை ஊருக்குள் கலக்கவிடாமல் ஓரிடத்தில் அடைத்துவைப்பதுதான் நோக்கம். மூன்றே வருடத்தில் அவர்களை நாட்டைவிட்டே துரத்திவிட்டார்கள். காலியாகக் கிடந்த தீவுக்கு 1641இல் ஹிராடோவிலிருந்து டச்சுக்காரர்களை மாற்றினார்கள். அதற்குப் பிறகு இருநூறு ஆண்டுக்கும் மேலாக ஐரோப்பாவுடன் ஜப்பான் வணிகம் செய்த ஒரே வாசல் இதுதான். ஒரே ஒரு பாலம், அதில் காவல். அனுமதி இல்லாமல் டச்சுக்காரர் ஊருக்குள் கால் வைக்க முடியாது.

கப்பல் எப்போது வரும்? தென்மேற்குப் பருவக்காற்றைப் பிடித்துக்கொண்டு பத்தாவியாவிலிருந்து, அதாவது இன்றைய ஜகார்த்தாவிலிருந்து, கோடையில் வந்து சேரும். காற்று திசை மாறியதும் திரும்பும். மற்ற மாதங்களில் அந்தச் சின்னத் தீவில் பத்துப் பதினைந்து ஐரோப்பியர்கள் பில்லியர்ட்ஸும் பூப்பந்தும் ஆடிக்கொண்டு பொழுதைப் போக்கியிருக்கிறார்கள்.

இங்கே நம் பக்கத்துச் சங்கதி ஒன்று உண்டு. டச்சுக் கம்பெனிக்குப் பழவேற்காட்டிலும் நாகப்பட்டினத்திலும் கோட்டைகள் இருந்தன அல்லவா? சோழமண்டலக் கரையில் நெய்து சாயமேற்றிய பருத்தித் துணி பத்தாவியா வழியாகத் தெஜிமாவின் கிடங்குக்குப் போனது. ஜப்பானியச் செம்பு கட்டிகளாகப் புறப்பட்டு நம் கரையில் விலைபோனது. கிடங்கின் மரத்தூண் பக்கத்தில் நின்று இதைச் சொன்னதும் கும்பகோணத்து அம்மாவின் முகம் மாறியது. "நம்ம செம்புக் குடமெல்லாம் இங்கேர்ந்து வந்ததா?" எந்தக் குடத்துக்கு எந்தச் செம்பு என்று யாரால் சொல்ல முடியும்! ஆனால் கேள்வி நல்ல கேள்வி.

இன்றைக்குத் தெஜிமாவைச் சுற்றிக் கடல் இல்லை. பிற்காலத்தில் துறைமுகத்தை விரிவாக்கியபோது சுற்றிலும் மண்ணை நிரப்பிவிட்டார்கள். டிராம் ஓடும் தெருவோரம் நிற்கிற தீவு அது. பழைய கரை எங்கே இருந்தது என்று காட்டத் தரையில் உலோகக் குமிழ்கள் பதித்திருக்கிறார்கள். எங்களுக்கு வாய்த்த வழிகாட்டி ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை. அவர் செய்த வேலை இதுதான். குழுவை அந்தக் குமிழ்களின்மேல் வரிசையாக நிற்கவைத்து, பழைய வரைபடத்தின் நகலைக் கையில் கொடுத்து, "உங்கள் முதுகுப் பக்கம் ஜப்பான், மூக்குப் பக்கம் கடல்" என்றார். ஒரு நிமிடத்தில் எல்லாருக்கும் தீவு தெரிந்துவிட்டது.

நாகசாகியில் இப்படிப்பட்ட உள்ளூர்க்காரர்கள் வழிகாட்டிகளாகக் கிடைப்பதற்குக் காரணம் உண்டு. 2006இல் அந்த நகரம் நடந்தே ஊரைச் சுற்றிப் பார்க்கும் விழா ஒன்றை நடத்தியது. பெயர் நாகசாகி சருக்கு, அந்த ஊர்ப் பேச்சில் சுற்றித் திரிவது என்று பொருள். கூட்டிப்போனவர்கள் ஊர்மக்கள். விழா முடிந்தும் அந்த நடை நிற்கவில்லை. பெரும்பாலும் ஜப்பானிய மொழியில்தான் பேசுவார்கள், ஆகவே மொழிபெயர்ப்பாளர் ஒருவரைச் சேர்த்துக்கொள்ளுங்கள். பேருந்துக்குக் கொடுக்கிற பணத்தை இவர்களுக்குக் கொடுங்கள் என்பேன். ஊருக்குள் போக டிராம் போதும். 1915 முதல் ஓடுகிறது, எங்கே ஏறி எங்கே இறங்கினாலும் ஒரே கட்டணம், இறங்கும்போது முன்பக்கம் ஓட்டுநர் அருகில் செலுத்த வேண்டும். ஐந்து வயதுக் குழந்தையிலிருந்து தாத்தா வரை டிராமில் சந்தோஷமாக இருப்பார்கள்.

மதியச் சாப்பாட்டைப் பற்றி அதிகம் சொல்ல விரும்பவில்லை. சாம்போன் என்கிற நூடுல்ஸ்தான் ஊரின் பெருமை. சீனாவின் ஃபூஜியானிலிருந்து வந்த சென் பிங்ஷுன் என்பவர் 1899இல் தொடங்கிய ஷிக்காய்ரோ உணவகத்தில், வயிறு நிறைய மலிவாகச் சாப்பிடச் சீன மாணவர்களுக்காகப் பிறந்தது என்பார்கள். பன்றி எலும்பும் கோழி எலும்பும் கொதித்த சாறு அது. மேலே மிதக்கும் காய்கறியைப் பார்த்துச் சைவம் என்று நம்பிவிடாதீர்கள். சைவக்காரர்களுக்கு நான் புளியோதரைப் பொட்டலம் கொண்டுபோகிறேன், வேறு வழியில்லை.

அடுத்து ஓவுரா என்கிற குன்றுப் பகுதி. கிளவர் தோட்டத்தை வேகமாகத்தான் காட்டுவேன். ஸ்காட்லாந்து வணிகர் தாமஸ் கிளவர் 1863இல் கட்டிய மரவீடு அழகானதுதான். ஆனால் அங்கே நான் நிறுத்திக் காட்டுவது வீட்டை அல்ல, எதிர்க்கரையை. மிட்சுபிஷி கப்பல்கட்டும் தளத்தில் 1909இல் நிறுவிய ராட்சதக் கிரேன் ஒன்று நிற்கிறது. ஸ்காட்லாந்திலிருந்து வந்தது, 150 டன் தூக்கும். முஸாஷி என்கிற மாபெரும் போர்க்கப்பலைக் கட்டியதும் அந்தக் கரையில்தான். யாரும் எட்டிப்பார்த்துவிடக் கூடாது என்று கயிற்றுத் திரைகளைத் தொங்கவிட்டுக் கட்டினார்கள். மலைகள் நாலாபக்கமும் சூழ்ந்த குறுகிய குடாவில் ரகசியம் காப்பது எவ்வளவு கஷ்டம் என்று அங்கே நின்றால் விளங்கும். பூவும் புல்லும் கிளவர் தோட்டத்தில் இருக்கின்றன. எதிரி விமானம் ஏன் இந்த ஊரைத் தேடி வந்தது என்பதற்கான பதிலும் அங்கிருந்தே தெரிகிறது.

தோட்டத்துக்குக் கீழே ஓவுரா தேவாலயம். என் கணக்கில் நாளின் நடுப்புள்ளி இதுதான். இதை எந்த வழிகாட்டியும் அவசரப்படுத்தக் கூடாது.

ஜப்பானில் கிறிஸ்தவம் தடைசெய்யப்பட்டது 1614இல். அதற்கு முன்பே, 1597இல், நிஷிசாகா குன்றில் இருபத்தாறு பேரைச் சிலுவையில் அறைந்தார்கள். அவர்களில் ஒருவர் நம் நாட்டில் பிறந்தவர்: வசாயில் போர்ச்சுகீசியத் தந்தைக்கும் இந்தியத் தாய்க்கும் பிறந்த கொன்சாலோ கார்சியா. தடைக்குப் பிறகு ஏசு, மரியாள் உருவங்களைத் தரையில் போட்டு மிதிக்கச் சொன்னார்கள். மிதிக்க மறுத்தவர் மாட்டிக்கொள்வார். பாதிரியார் ஒருவர்கூட இல்லாமல், வேதநூலும் இல்லாமல், உரகாமி என்கிற விவசாயக் கிராமத்தில் இருநூற்றைம்பது ஆண்டுகள் குடும்பம் குடும்பமாக ரகசியமாய் ஜபம் சொல்லிவந்தார்கள். ஞானஸ்நானம் கொடுப்பதற்கென்று ஊருக்குள்ளேயே ஒருவர். வெளிப்பார்வைக்குக் கன்னோன் என்கிற பௌத்த தெய்வத்தின் சிலை, அவர்களுக்கு மட்டும் அது மரியாள்.

1865இல் வெளிநாட்டவருக்காக ஓவுரா தேவாலயம் எழும்பியது. மார்ச் 17ஆம் தேதி உரகாமிக்காரர்கள் சிலர் வேடிக்கை பார்ப்பதுபோல் உள்ளே வந்தார்கள். அவர்களில் ஒரு பெண் பெத்திஜான் என்ற பிரெஞ்சுப் பாதிரியாரின் அருகில் போய், எங்கள் நெஞ்சும் உங்கள் நெஞ்சும் ஒன்று என்ற பொருள்பட மெல்லச் சொல்லி, மரியாள் சிலை எங்கே என்று விசாரித்தார். அந்தச் சிலை இன்றும் அங்கே இருக்கிறது.

கதை அங்கே சுபமாக முடியவில்லை. தடை அப்போதும் அமலில்தான் இருந்தது. வெளியே தெரிந்துவிட்ட உரகாமி மக்களில் மூவாயிரத்துக்கும் மேற்பட்டவர்களைப் பிடித்து, குடும்பங்களைப் பிரித்து, நாட்டின் பல மூலைகளுக்கு அனுப்பினார்கள். பலர் அங்கேயே செத்தார்கள். 1873இல் தடை நீங்கி ஊர் திரும்பியவர்கள், மிதிக்கச் சொன்ன அந்த ஊர்த்தலைவரின் வீட்டு மனையையே விலைக்கு வாங்கி, அதில் செங்கல் பேராலயம் கட்டத் தொடங்கினார்கள். 1914இல் அது முடிந்தது.

இத்தனையும் கேட்டபிறகுதான் உரகாமிக்கு டிராம் ஏற வேண்டும்.

1945 ஆகஸ்ட் 9. முதல் குறி கொக்குரா. அங்கே நகரம் கண்ணுக்குத் தெரியாததால் விமானம் நாகசாகிக்குத் திரும்பியது. இங்கும் மேகம். குறிவைத்திருந்தது நகரத்தின் நடுப்பகுதியை, அதாவது காலையில் நாம் சுற்றிய பக்கத்தை. குண்டு வெடித்தது அங்கிருந்து விலகி உரகாமிப் பள்ளத்தாக்கின் மேல், தரையிலிருந்து ஏறத்தாழ 500 மீட்டர் உயரத்தில், 11 மணி 2 நிமிடத்துக்கு. இடையில் இருந்த மலைகள் பழைய நகரத்தின் பெரும்பகுதியை மறைத்துக் காத்தன. ஓவுராவும் கிளவர் வீடும் இன்று நிற்பது அதனால்தான். பேராலயத்துக்குள் அந்த நேரம் பாவசங்கீர்த்தனம் நடந்துகொண்டிருந்தது. உள்ளே இருந்தவர் யாரும் பிழைக்கவில்லை. உரகாமியின் கத்தோலிக்கர் ஏறத்தாழ 12,000 பேரில் 8,500 பேர் போனார்கள் என்று கணக்குச் சொல்கிறார்கள். அவ்வாண்டு முடிவதற்குள் நகரத்தில் இறந்தவர்கள் எழுபதாயிரத்துக்கு மேல். அவர்களில் வேலைக்குக் கொண்டுவரப்பட்ட கொரியர்களும், போர்க்கைதிகளாக இருந்த டச்சுக்காரர்கள் சிலரும் உண்டு.

பேராலயத்துக்குக் கீழே, சரிவில், மணிக்கூண்டின் குவிமாடம் விழுந்தபடியே கிடக்கிறது. குண்டு வெடித்த இடத்தின் அருகில் ஓடையோரமாகப் படி இறங்கினால் கண்ணாடிக்குப் பின்னால் அன்றைய தரையை அப்படியே வைத்திருக்கிறார்கள். மண்ணில் ஓட்டுத்துண்டு, உருகிய கண்ணாடி, சமையல்கட்டுப் பாத்திரம். பெரிய சிலை முன்னால் படம் பிடிக்கிற கூட்டத்தில் பாதிப் பேர் இந்தப் படியில் இறங்குவதே இல்லை. சிலையைவிட இதற்கு நேரம் கொடுங்கள். அருங்காட்சியகத்துக்கு ஒன்றரை மணி நேரமாவது வேண்டும், மூடுகிற நேரத்தை முன்பே விசாரித்து வையுங்கள். சான்னோ ஆலயத்தில் ஒற்றைக் காலில் நிற்கிற கல் வளைவையும், கருகிப்போய் மறுபடி தழைத்த கற்பூர மரங்களையும் நடக்க முடிந்தவர்கள் பார்த்துவிட்டு வரலாம்.

எப்போதும் வருகிற இன்னொரு கேள்வி ஹஷிமா தீவு. நிலக்கரிச் சுரங்கத்துக்காகக் கடல் நடுவே அடுக்குமாடிகள் எழுப்பி, 1959இல் ஐயாயிரத்துக்கு மேற்பட்டோர் நெருக்கியடித்து வாழ்ந்து, 1974இல் ஒரேயடியாகக் காலிசெய்த இடம். அதை இந்த ஒரு நாளுக்குள் திணிக்காதீர்கள். அலை அதிகமானால் படகு கரையில் கட்டாது, அரைநாள் போய்விடும். தனியாக ஒரு நாள் இருந்தால் போங்கள். அங்கே போர்க்காலத்தில் கொண்டுவரப்பட்ட கொரிய, சீனத் தொழிலாளர்களைப் பற்றி வழிகாட்டியிடம் கேட்டுப் பாருங்கள். ஒருவர் வாய் திறந்து பேசுவார், ஒருவர் அடுத்த கட்டடத்தைக் காட்டுவார். முதலாமவரின் தொலைபேசி எண்ணை வாங்கி வைத்துக்கொண்டு, அடுத்த குழுவுக்கும் அவரையே கேட்பது என் வழக்கம்.

வாய்ப்பளித்த நிலையத்தாருக்கு நன்றி. வணக்கம்.