பெயர் பொருந்தவில்லை என்று கடிதம் வந்தால்

நேயர்களுக்கு வணக்கம்.

2023ஆம் வருடம், ஆடி மாதம். திருத்துறைப்பூண்டி பக்கம் ஒரு கிராமத்தில் இருக்கும் என் பெரியம்மாவின் செல்போனுக்கு ஒரு செய்தி வந்தது. பக்கத்து வீட்டுப் பையன் படித்துச் சொன்னான். பான் அட்டையில் உள்ள விவரமும் ஆதாரில் உள்ள விவரமும் பொருந்தவில்லை, இணைப்பு நடக்கவில்லை, பான் எண் செயலிழந்துவிட்டது. பத்து நாள் கழித்து வங்கியிலிருந்தும் ஒரு கடிதம் வந்தது. பெரியம்மா அதை மடித்து, ட்ரங்குப் பெட்டியில் கல்யாணப் புடவைக்கு அடியில் வைத்துப் பூட்டிவிட்டார். யாரிடமும் மூச்சு விடவில்லை.

34 வருடம் கிராம சுகாதாரச் செவிலியராக இருந்தவர் அவர். நடுராத்திரியில் வரப்பு மேல் நடந்துபோய்ப் பிரசவம் பார்த்தவர். அப்படிப்பட்டவர் ஒரு காகிதத்துக்குப் பயந்து ஆறு மாதம் தூக்கம் கெட்டு இருந்திருக்கிறார். பொங்கலுக்கு நான் போனபோதுதான் சொன்னார். "வருமான வரிலேருந்து வருதுன்னா நாம ஏதோ தப்புப் பண்ணிட்டோம்னுதானே பாப்பா அர்த்தம்?"

நான் மன்னார்குடியில் 22 வருடமாக வருமான வரிக் கணக்கு தாக்கல் செய்து கொடுக்கிறேன். என் சொந்தப் பெரியம்மா என்னிடம்கூடச் சொல்லப் பயந்தார் என்பது இன்றைக்கும் மனதை அறுக்கிறது. இந்த உரைக்கு என்னை அழைத்ததும் முதலில் நினைவுக்கு வந்தது அந்த ட்ரங்குப் பெட்டிதான்.

பொருந்தவில்லை என்று வரும் கடிதத்தில் குற்றச்சாட்டு ஒன்றும் கிடையாது. நீங்கள் வரி ஏய்த்தீர்கள் என்று அது சொல்லவில்லை. ஓரிடத்தில் பதிவான ஆளும் இன்னோர் இடத்தில் பதிவான ஆளும் ஒருவர்தானா என்று கேட்கிறது. பதில் சொல்லிவிட்டால் தீர்ந்தது. ஆனால் பதில் சொல்லக் கிளம்புவதற்கு முன்னால், எந்தப் பெயர் நம் பெயர், எந்தத் தேதி நம் தேதி என்று வீட்டில் உட்கார்ந்து முடிவு செய்துகொள்ளுங்கள். நான் இன்று முக்கியமாகச் சொல்ல வந்தது இதைத்தான். முடிவு செய்யாமல் கிளம்பியவர்கள் ஒன்றைத் திருத்தி இன்னொன்றைக் கெடுத்துக்கொண்டு வந்ததை நிறையப் பார்த்துவிட்டேன்.

நம் ஊரில் இந்தச் சிக்கல் எங்கே தொடங்குகிறது? நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது. முன்னால் அப்பாவின் எழுத்து, அப்புறம் நம் பெயர், அவ்வளவுதான். பான் விண்ணப்பத்தில் முதல் பெயர், நடுப் பெயர், கடைசிப் பெயர் என்று மூன்று கட்டங்கள். கடைசிப் பெயருக்குத் தனி எழுத்து போதாது, விரித்து எழுத வேண்டும். க. செல்வராசு என்று ஒருவர் இருப்பதாக வைத்துக்கொள்வோம். பள்ளிச் சான்றிதழில் க. செல்வராசு. பான் அட்டையில் செல்வராசு கலியபெருமாள். ஆதாரில் வெறும் செல்வராசு, அப்பா பெயர் கீழே முகவரியில். வங்கிப் புத்தகத்தில் எழுத்து பின்னால் போய், செல்வராசு க. ஆள் ஒருவர், கணினிக்கு நான்கு பேர்.

கைக்கெட்டும் தூரத்தில் பான் அட்டை இருந்தால் எடுத்துப் பாருங்கள். எழுத்தும் எண்ணுமாகப் பத்து இடங்கள். நாலாவது இடத்தில் 'பி' இருக்கும், தனிநபர் என்பதற்காக. ஐந்தாவது இடத்தில் இருப்பது உங்கள் கடைசிப் பெயரின் முதல் எழுத்து. நம் செல்வராசுவுக்கு அங்கே கலியபெருமாளின் 'கே' இருக்கும். உங்கள் எண்ணுக்குள் உங்கள் அப்பா இருக்கிறார் என்று நான் சொன்னால், வந்தவர்கள் அட்டையை மறுபடி வாங்கி ஒரு நிமிடம் பார்த்துக்கொண்டு இருப்பார்கள். பின்னால் பெயரைத் திருத்தினாலும் எண் மாறாது.

அடுத்தது எழுத்துக்கூட்டல். பட்டாவில் தமிழில் இருக்கும் வரைக்கும் கலியபெருமாள் ஒரே கலியபெருமாள்தான். ஆங்கிலத்துக்குப் போனதும் நடுவில் 'ஒய்' உண்டா, பெருமாளைப் பிரிப்பதா சேர்ப்பதா என்று ஆளுக்கொரு விதம். திருவாரூர்ப் பக்கம் தெருவுக்கு ஒரு தியாகராஜன் இருப்பார். 'டி'க்கு அடுத்து 'எச்' போடுகிறவரும் உண்டு, போடாதவரும் உண்டு. எழிலரசி, தமிழ்ச்செல்வி என்றால் இன்னும் சிரமம். ழகரத்துக்குப் பள்ளிக்கூடத்தில் 'இசட் எச்' போட்டிருப்பார்கள், ஆதார் முகாமில் 'எல்' தட்டியிருப்பார்கள். இப்படி ஓரெழுத்து வித்தியாசம் என்றால் செல்போனுக்கு வரும் ஓடிபியை வைத்தே பெரும்பாலும் இணைந்துவிடும். ஓரெழுத்தோடு போகாமல் பெயரே வேறாகத் தெரிந்தால்தான் இணைப்பு நின்றுபோகும்.

அப்படி நின்றுபோவது என் அனுபவத்தில் அதிகம் பெண்களுக்கு. பள்ளிக்கூடத்தில் அப்பாவின் எழுத்து. கல்யாணம் ஆனதும் ரேஷன் கார்டில் கணவரின் எழுத்து. ஆதார் முகாமுக்கு ரேஷன் கார்டை எடுத்துக்கொண்டு போனதால் ஆதாரிலும் கணவரின் எழுத்து. ஆனால் பான் விண்ணப்பத்தில் கல்யாணம் ஆன பெண்ணும் அப்பா பெயரைத்தான் எழுத வேண்டும், கணவர் பெயரை எழுத இடமில்லை. தாய் மட்டுமே வளர்த்த பிள்ளைகள் அம்மா பெயரைக் கொடுக்கலாம் என்று 2018 டிசம்பரில் விதியை மாற்றினார்கள். நல்ல மாற்றம் அது. ஆக, ஒரு பெண் ஒரு தப்பும் செய்யாமலே இரண்டு பெயர்களுக்குச் சொந்தக்காரி ஆகிவிடுகிறாள். என் பெரியம்மாவுக்கும் இதேதான். அப்பா பெயர் 'கோ'வில் தொடங்கும், பெரியப்பா பெயர் 'ரா'வில் தொடங்கும். பள்ளிச் சான்றிதழ், பணிப் பதிவேடு, ஓய்வூதிய ஆணை, பான் எல்லாம் 'கோ'. ரேஷன் கார்டும் ஆதாரும் 'ரா'.

பிறந்த தேதி இன்னொரு கதை. பெரியம்மா பிறந்தது 1952 நவம்பர் கடைசியில் நாகப்பட்டினத்தில் புயல் அடித்து ஒரு வாரம் கழித்து என்று பாட்டி சொல்லிக்கொண்டிருப்பார். பள்ளியில் சேர்க்கும்போது கையைத் தலைக்கு மேலே வளைத்துக் காதைத் தொடச் சொல்லி, ஐந்து வயது ஆனதாக எடுத்துக்கொண்டு, தலைமை ஆசிரியர் ஜூன் 1 என்று எழுதிவிட்டார். ஆதார் முகாமில் "வருஷம் மட்டும் தெரியும்" என்று சொன்னதால் ஜனவரி 1 ஆகிவிட்டது. அந்தத் தலைமுறையில் ஜனவரி 1இல் பிறந்ததாகப் பதிவான தாத்தா பாட்டிகள் நம் ஊரில் எத்தனை பேர் என்று கொஞ்சம் யோசித்துப் பாருங்கள்.

சரி, எதை வைத்து முடிவு செய்வது? உங்களுக்கு மாதாமாதம் பணம் எந்தக் காகிதத்தின் பெயரில் வருகிறதோ, முதலில் அதை எடுங்கள். ஓய்வூதியக்காரருக்கு ஓய்வூதிய ஆணை. வேலையில் இருப்பவருக்குப் பணிப் பதிவேடு, அதற்கு அடிப்படையான பள்ளிச் சான்றிதழ். இரண்டும் இல்லாத விவசாயிக்கு நிலப் பத்திரம், வாக்காளர் அட்டை. அதில் உள்ள பெயருக்கு மற்றவற்றைக் கொண்டுவாருங்கள். ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், ஆதாரில் பெயரை வாழ்நாளில் 2 தடவைதான் மாற்றலாம், பிறந்த தேதியை 1 தடவைதான். அவசரத்தில் ஒரு தடவையை வீணாக்கிவிட்டால் அப்புறம் அலைச்சல். ஆதார் பற்றிய சந்தேகத்துக்கு 1947 என்ற எண்ணுக்குப் போன் செய்யலாம்.

கைரேகை வைத்து இணைத்துக்கொள்ளும் வசதியையும் 2023இல் பான் சேவை மையங்களில் கொடுத்தார்கள். ஆனால் நடவு நட்டு நட்டு ரேகை தேய்ந்த கைகளை எந்திரம் ஏற்பதில்லை. அப்படியே ஏற்றாலும் இரண்டு அட்டையிலும் இரண்டு பெயர் அப்படியேதான் இருக்கும்.

இப்போது கடிதத்துக்கு வருவோம். வருமான வரித் துறையின் கடிதம் என்றால் 2019 அக்டோபர் 1 முதல் அதில் ஆவண அடையாள எண் இருக்க வேண்டும். துறையின் இணையதளத்தில், கடவுச்சொல் போட்டு உங்கள் கணக்குக்குள் நுழையாமலே, அந்த எண்ணைப் போட்டு, கடிதம் உண்மையா என்று பார்க்கலாம். உண்மை என்று தெரிந்த பிறகு பதில் எழுதினால் போதும். "உங்கள் பான் முடக்கப்படும், இந்த இணைப்பைத் தொடுங்கள்" என்று வரும் செய்தியைத் தொடவே வேண்டாம். உங்கள் கடவுச்சொல்லையோ ஏடிஎம் ரகசிய எண்ணையோ துறை கேட்காது.

எல்லாவற்றையும்விட நாள் கணக்கு முக்கியம். நீங்கள் தாக்கல் செய்த கணக்கில் குறை இருக்கிறது என்று வரும் கடிதத்துக்கு 15 நாள்தான். கணக்கில் எழுதிய பெயர் பான் பதிவோடு சேரவில்லை என்பதும் அந்தக் குறைகளில் ஒன்று. பதில் போகவில்லை என்றால் கணக்கே தாக்கல் ஆகாததாகிவிடும். அவகாசம் போதவில்லை என்றால் கூடுதல் நாள் கேட்கலாம், கேட்காமல் இருந்துவிடாதீர்கள். இணையதளத்தில் உங்கள் கணக்குக்குள் போய், நிலுவையில் உள்ள நடவடிக்கைகள் பகுதியில் பதில் போட வேண்டும். பதில் நீளமாக இருக்க வேண்டியதில்லை. நான் இப்படித்தான் எழுதிக் கொடுக்கிறேன்: "இரண்டு பதிவுகளில் உள்ளவரும் நான்தான். ஒன்றில் தந்தையின் பெயர் விரித்தும், மற்றதில் கணவரின் எழுத்தோடும் பதிவாகியுள்ளது. ஆதாரில் திருத்தம் கேட்டு இந்தத் தேதியில் விண்ணப்பித்துள்ளேன். பள்ளிச் சான்றிதழும் ஒப்புகைச் சீட்டும் இணைத்துள்ளேன்." அனுப்பிய பிறகு வரும் ஒப்புகை எண்ணை நோட்டில் எழுதி வையுங்கள். பின்னால் யார் கேட்டாலும் அந்த எண்தான் பேசும்.

இன்னொன்று. "பழசைத் திருத்துவது சிரமம், புதுப் பான் எடுத்துவிடலாம்" என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். ஒருவரிடம் இரண்டு பான் இருப்பது சட்டப்படி தப்பு, 10,000 ரூபாய் அபராதம். பழைய எண்ணிலேயே திருத்தம் கேட்கத் தனி விண்ணப்பம் இருக்கிறது, கட்டணமும் பெரிதில்லை. இந்த யோசனையைக் கேட்டு மாட்டிக்கொண்ட ஒரு நெல் வியாபாரியின் கணக்கைச் சரி செய்ய எனக்கு ஒன்றரை வருடம் ஆனது.

"விவசாய வருமானத்துக்குத்தான் வரி இல்லையே, எனக்கு எதற்குக் கடிதம்?" என்று குறுவை முடித்துவிட்டு வந்து கேட்பவர்கள் உண்டு. வங்கியில் பெரிய தொகையை ரொக்கமாகக் கட்டப் போனாலே பான் கேட்கிறார்கள். வரி இருக்கிறதோ இல்லையோ, எண் ஒன்று இருந்தால் அது சரியாக இருக்க வேண்டும். ஆதாரை இணைக்கும் கட்டாயத்திலிருந்து 80 வயது ஆனவர்களுக்கு விலக்கு இருந்தது. சிங்கப்பூரிலும் வளைகுடாவிலும் இருக்கும் நம் பிள்ளைகளுக்கும் விலக்கு இருந்தது. ஆனால் வெளிநாட்டில் வசிப்பதைத் துறையின் பதிவில் தெரிவிக்காததால் கூத்தாநல்லூர், முத்துப்பேட்டைப் பக்கம் பல பேருடைய பானும் 2023 ஜூலையில் செயலிழந்தது. பாஸ்போர்ட் நகல் அனுப்பித்தான் மீட்டோம்.

பெரியம்மா விஷயத்துக்கு வருகிறேன். பான் செயலிழந்ததால், வட்டியில் வரி பிடிக்க வேண்டாம் என்று ஏப்ரலில் அவர் வங்கியில் கொடுத்திருந்த 15எச் படிவம் செல்லாமல் போய், வைப்புத்தொகை வட்டியில் வங்கி 20 சதவீதம் பிடித்துவிட்டது. அந்தப் பணம் போய்விடவில்லை, கணக்கு தாக்கல் செய்து திரும்பப் பெறலாம். ஆனால் பான் உயிர்பெறும் வரை பணம் வராது, அந்தக் காலத்துக்கு வட்டியும் கிடையாது.

எஸ்.எஸ்.எல்.சி. புத்தகம் இருக்கிறதா என்று கேட்டேன். 2018 நவம்பரில் கஜா புயலில் அந்த வீட்டின் ஓடு முழுக்கப் பறந்துபோனது. "இருக்கு" என்றார். பிளாஸ்டிக் உறையில் சுற்றி நெல் குதிருக்குள் வைத்திருந்தாராம். ஓய்வூதிய ஆணையும் அதோடு இருந்தது. ஆதாரில் பெயருக்கும் தேதிக்கும் திருத்தம் கேட்டோம். திருத்தம் வந்த பிறகு 1,000 ரூபாய் கட்டணம் கட்டி இணைத்தோம். 30 நாளுக்குள் பான் உயிர்பெற்றது. பிடித்த பணமும் அந்த வருடமே வங்கிக்கு வந்து சேர்ந்தது.

விண்ணப்பத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் பெரியம்மா கொஞ்ச நேரம் பேனாவை வைத்துக்கொண்டே இருந்தார். "அப்ப அவர் எழுத்து போயிடுமா பாப்பா?" என்று கேட்டார். பெரியப்பா காலமாகி அப்போது நாலு வருடம். ஆதாரில் முகவரிக்கு மேலே உறவினர் பெயர் எழுத ஒரு வரி இருக்கிறது, அதில் பெரியப்பா பெயரை முழுசாகவே எழுதலாம் பெரியம்மா என்றேன். "முழுசா எழுது" என்றார். அப்புறம் கையெழுத்துப் போட்டார்.

வணக்கம்.